முகாமில் பிறந்த தலைமுறை (அருப்புக்கோட்டை, திருச்சுழி வட்டாரம்)

இலங்கை இனப்போரிலிருந்து தப்பி வந்த தமிழர்களுக்குத் தமிழ்நாட்டு முகாம்களில் பிறந்து வளர்ந்த பிள்ளைகளும், அவர்களுக்குப் பிறந்த பிள்ளைகளும் முகாமில் பிறந்த தலைமுறை எனப்படுகின்றனர். விருதுநகர் மாவட்டத்தின் கரிசல் பகுதியில் குல்லூர்சந்தை, மல்லாங்கிணறு ஆகிய ஊர்களின் முகாம்களில் இவர்கள் வாழ்கின்றனர். பிறந்தது, படித்தது, கல்யாணம் செய்தது எல்லாம் இந்த மண்ணில்தான். ஆனாலும் சட்டத்தின் முன் இவர்களில் பெரும்பாலோர் அயல்நாட்டவர்.

நிலமும் முகாம்களும்

மல்லாங்கிணறு திருச்சுழி சட்டமன்றத் தொகுதியைச் சேர்ந்த பேரூர். குல்லூர்சந்தை விருதுநகருக்கும் அருப்புக்கோட்டைக்கும் இடையே, கௌசிகா ஆற்றின் அணையை ஒட்டி அமைந்தது. சுற்றிலும் வானம் பார்த்த பூமி. பருத்தி, கம்பு, சோளம், மிளகாய், மல்லி ஆகியவை மழையைப் பொறுத்து விளையும். தரிசாய்ப் போன இடமெல்லாம் சீமைக்கருவேலம் அடர்ந்து, கரிமூட்டம் போடுவோருக்குப் பிழைப்புத் தருகிறது. திருச்சுழி வழியே ஓடும் குண்டாறு வருடத்தின் பெரும்பகுதி வெறும் மணல்தான். அருப்புக்கோட்டை நகரம் தறியாலும் நூற்பாலையாலும் வளர்ந்தது. 1985 வரை இப்பகுதி முழுவதும் ராமநாதபுரம் மாவட்டத்தில் இருந்தது. பின்வரும் வரலாற்றுக்கு இந்தச் செய்தி முக்கியம்.

போனவர்களும் வந்தவர்களும்

வெளியூரிலிருந்து வந்தவர்கள் என்று முகாம் மக்களைச் சொல்வது பாதி உண்மையே. கரிசல் நிலம் நெடுங்காலமாகத் தன் மக்களைக் கடல் கடத்தி அனுப்பி வந்தது. 19ஆம் நூற்றாண்டில் மதுரை, ராமநாதபுரம், திருச்சி, புதுக்கோட்டை, சேலம் பக்கத்து ஊர்களிலிருந்து கங்காணிகள் ஆள் திரட்டி, இலங்கையின் காப்பித் தோட்டங்களுக்கும் பின்னர் தேயிலைத் தோட்டங்களுக்கும் கொண்டுபோனார்கள். 1876–78 தாது வருஷப் பஞ்சம் இந்தப் போக்கை வேகப்படுத்தியது. ஊரில் அதற்குக் கண்டிச் சீமைக்குப் போவது என்று பேர்.

அங்கே பிறந்து வளர்ந்த மலையகத் தமிழரில் பெரும்பாலோரின் குடியுரிமையை, நாடு விடுதலை பெற்ற 1948ஆம் ஆண்டிலேயே இலங்கையின் குடியுரிமைச் சட்டம் பறித்தது. 1964 அக்டோபரில் இலங்கைப் பிரதமர் சிறிமாவோவும் இந்தியப் பிரதமர் லால் பகதூர் சாஸ்திரியும் செய்துகொண்ட ஒப்பந்தம், நாடற்ற 9,75,000 பேரை இரு நாடுகளும் பங்கிட்டுக்கொள்ள வழி செய்தது. 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு. எஞ்சிய 1,50,000 பேரை ஆளுக்குப் பாதியாக ஏற்க 1974இல் முடிவாயிற்று. சம்பந்தப்பட்டவர்களை யாரும் கேட்கவில்லை.

ஒப்பந்தப்படி இந்தியக் கடவுச்சீட்டுடன் தலைமன்னாரில் கப்பலேறி ராமேசுவரத்தில் இறங்கியவர்கள் ‘தாயகம் திரும்பியோர்’ ஆனார்கள். கடனுதவியும் நீலகிரி அரசுத் தேயிலைத் தோட்டங்களிலும் நூற்பாலைகளிலும் வேலையும் அவர்களுக்கு ஒதுக்கப்பட்டன. வேறு சில குடும்பங்கள் 1958, 1977 கலவரங்களுக்குப் பயந்து மலையகத்தை விட்டு வவுனியா, கிளிநொச்சி, மன்னார் பக்கம் குடிபெயர்ந்திருந்தன. 1983 ஜூலைப் படுகொலைக்குப் பிறகும், 1990இல் போர் மீண்டும் மூண்டபோதும் அவர்களில் பலர் படகேறினார்கள். கப்பலில் வந்தவர் குடிமகன். படகில் வந்தவர் அகதி. ஒரே பாட்டனின் பேரன்மார் இருவர் இப்படி இரண்டு கணக்கில் பதிவாக நேர்ந்ததுண்டு. முகாம்களில் இருப்போர் எல்லாரும் மலையகத்தவர் அல்லர். யாழ்ப்பாணம், மன்னார், முல்லைத்தீவு, திருகோணமலையைப் பூர்வீகமாகக் கொண்டவர்களும் உண்டு. ஆனால் மலையக வழியினரைப் பொறுத்தவரை, முன்னோர் பஞ்சம் பிழைக்கப் புறப்பட்ட சீமைக்கே கொள்ளுப்பேரர்கள் அகதிகளாக வந்து சேர்ந்திருக்கிறார்கள் என்பதுதான் நடந்தது.

வீடும் தெருவும்

மொழி ஒன்று, சாமி ஒன்று என்பதால் இந்தப் பிள்ளைகளுக்கு இரு பண்பாட்டுச் சிக்கல் இருக்காது என்று நினைப்பது தவறு. வெளிநாட்டில் வளரும் பிள்ளைக்கு வாசலைத் தாண்டியதும் நிறமும் மொழியும் மாறும். இங்கே மாறுவது சொல்லின் இழுவையும் உறவுப் பெயரும்தான். இலங்கையின் வடக்கிலிருந்து வந்த வீட்டில் அம்மம்மா, அப்பப்பா. பக்கத்துத் தெருவில் அம்மாச்சி, அப்பத்தா. வீட்டில் பெரியவர்கள் ‘கதைக்கிறார்கள்’, வகுப்பில் ‘பேசுகிறார்கள்’. மலையக வீட்டுப் பேச்சு கரிசல் பேச்சுக்குச் சற்று நெருங்கியது என்பதால் அந்தப் பிள்ளைகளை வாயைத் திறந்ததும் அடையாளம் காண்பது கடினம். மற்றவர்கள் பள்ளியில் சேர்ந்த சில மாதங்களிலேயே இரண்டு பேச்சையும் பழகி, ஆளைப் பார்த்து மாற்றிப் பேசக் கற்றுக்கொள்கிறார்கள். தங்கள் பேச்சு அழிகிறது என்று முதியவர்கள் வருந்துவது நியாயம்தான். ஆனால் பிள்ளைகள் இழந்ததைவிடச் சேர்த்துக்கொண்டதே அதிகம்.

அடுப்படியிலும் இப்படியே. புட்டும் சம்பலும் சொதியும் வீட்டில் தொடர்கின்றன. சாயங்காலத்தில் விருதுநகர்ப் பக்கத்துக்குப் பேர் வாங்கித் தந்த எண்ணெய்ப் பரோட்டா. பங்குனிப் பொங்கலுக்கு விருதுநகர் மாரியம்மன் கோயில் தேரைப் பார்க்கப் போகும் கூட்டத்தில் யார் முகாம், யார் ஊர் என்று பிரித்துச் சொல்ல முடியாது.

வேறுபாடு கண்ணுக்குத் தெரிவது முகாம் வாசலில். வருவாய்த் துறையினர் குறிப்பிட்ட நாட்களில் நேரில் வந்து ஆள் சரிபார்க்கும் ‘செக்கிங்’ அன்று குடும்பத்தார் எல்லாரும் இருந்தாக வேண்டும். இல்லையென்றால் உதவித்தொகை நிற்கும். உளவு பார்க்கும் கியூ பிரிவுக் காவலர்களின் கண்காணிப்பும் உண்டு. எந்தக் குற்றமும் செய்யாத குழந்தை, தன் பெயரை அதிகாரி கூப்பிடும்போது கையைத் தூக்கப் பழகி வளர்கிறது. இரு நிலங்களுக்கு இடையே தான் இருப்பதை அது முதலில் அறிவது உணவாலோ பேச்சாலோ அல்ல, இந்த வரிசையால்தான்.

இந்த மண்ணின் பழைய வந்தேறிகள்

இரு பண்பாடுகளுக்கு இடையே பிள்ளை வளர்ப்பது அருப்புக்கோட்டைக்குப் புதிதன்று. நகரின் நெசவுத் தொழிலில் பெரும்பங்கு வகிக்கும் தேவாங்கர்கள் வீட்டில் கன்னடமும் தெருவில் தமிழுமாகப் பல தலைமுறை கண்டவர்கள். குலதெய்வமான சௌடேசுவரியை இங்கே சௌடாம்பிகை என்று கும்பிட்டு, தங்கள் பெயரிலேயே பள்ளிக்கூடமும் கல்லூரியும் நிறுவி, ஊரின் பொதுவாழ்வில் முன்னணியில் இருக்கிறார்கள். கரிசல் கிராமங்களில் தெலுங்கு பேசும் நாயக்கர் குடும்பங்கள் உண்டு. அப்படி வந்து காடு திருத்திய கூட்டத்தின் கதையைத்தான் கி. ராஜநாராயணன் ‘கோபல்ல கிராமம்’ நாவலாக எழுதினார். மொழியே வேறான மக்களைத் தன்னவராக்கிக்கொண்ட நிலம் இது. தமிழே பேசும் பிள்ளைகள் இன்னும் வெளியே நிற்பதற்குக் காரணத்தை ஊரில் தேட வேண்டியதில்லை. அது குடியுரிமைச் சட்டத்தில் இருக்கிறது.

குடியுரிமை

இந்தியா 1951 அகதிகள் சாசனத்தில் கையெழுத்திடவில்லை. பிறப்பால் குடியுரிமை என்பது பிறந்த தேதியைப் பொறுத்தது. 1987 ஜூலை 1க்கு முன் இந்திய மண்ணில் பிறந்தவர், பெற்றோர் யாராயினும், குடிமகன். அன்று முதல் 2004 டிசம்பர் 2 வரை பிறந்தவருக்குப் பெற்றோரில் ஒருவராவது குடிமகனாயிருக்க வேண்டும். 2004 டிசம்பர் 3 முதல், ஒருவர் குடிமகனாயிருந்தாலும் மற்றவர் ‘சட்டவிரோதக் குடியேறி’ ஆக இருந்தால் பிள்ளைக்கு உரிமையில்லை. உள்ளூர்ப் பெண்ணைக் கட்டிய முகாம் இளைஞரின் குழந்தை இந்த மூன்றாம் விதியில் சிக்கிக்கொள்ளும் வாய்ப்பு மிகுதி. 1990க்குப் பின் வந்தவர்களின் பிள்ளைகளுக்கு முதல் விதி எட்டவே இல்லை.

நீதிமன்றங்கள் ஓரளவு கதவைத் திறந்துள்ளன. 2019 ஜூன் மாதம் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை, இந்திய வம்சாவளியைச் சேர்ந்த முகாம்வாசிகள் தொடுத்த வழக்கில், அவர்களைச் சட்ட நுணுக்கப்படி சட்டவிரோதக் குடியேறிகள் என்று கருதிக் கைவிடாமல் குடியுரிமை விண்ணப்பங்களைப் பரிசீலிக்குமாறு பணித்தது. 1987க்கு முன் முகாமில் பிறந்த ஒருவருக்குக் கடவுச்சீட்டு வழங்க 2022இல் அதே கிளை உத்தரவிட்டது. 2024 மக்களவைத் தேர்தலில் அவர் வாக்களித்தார். 2019இன் இறுதியில் நிறைவேறிய குடியுரிமைத் திருத்தச் சட்டமோ பாகிஸ்தான், ஆப்கானிஸ்தான், வங்கதேசம் ஆகிய மூன்று நாடுகளோடு நின்றுகொண்டது. இலங்கையைச் சேர்க்காததற்கு ஏற்கத்தக்க காரணம் இன்றுவரை சொல்லப்படவில்லை. 2025 செப்டம்பரில் ஒன்றிய அரசு, 2015 ஜனவரி 9 வரை வந்து பதிவுசெய்த இலங்கைத் தமிழருக்கு, உரிய ஆவணமின்றித் தங்கியதற்கான தண்டனையிலிருந்து விலக்களித்தது. தண்டனை பயம் விலகியது, குடியுரிமை வரவில்லை.

படிப்பு, வேலை, வீடு

1991இல் ராஜீவ் காந்தி கொலைக்குப் பின் ஏதிலிப் பிள்ளைகளின் கல்விக்கு இறுக்கமான தடைகள் வந்து, பின்னர் தளர்ந்தன. இன்று பொறியியல், கலைக் கல்லூரிகளில் படித்துப் பட்டம் பெற்றோர் ஏராளம். இந்த மாற்றத்தில், இலங்கைத் தமிழ்த் தலைவர் செல்வநாயகத்தின் மகன் எஸ். சி. சந்திரஹாசன் 1984இல் தொடங்கிய ஈழ ஏதிலியர் மறுவாழ்வுக் கழகத்துக்குப் பெரும் பங்கு உண்டு. பட்டத்துக்குப் பின்தான் சுவர். அரசு வேலை கிடையாது. வெளிநாட்டு வாய்ப்புக்குக் கடவுச்சீட்டு இல்லை. பல தனியார் நிறுவனங்கள் ஆவணத்தைப் பார்த்துத் தயங்குகின்றன. தமிழ்நாட்டு முகாம்கள் எங்கும் ஆண்களின் முதன்மைத் தொழில் கட்டடங்களுக்குப் பெயிண்ட் அடிப்பது. பொறியியல் படித்தவரும் தந்தையோடு சாரத்தில் ஏறி நிற்பதைக் காணலாம்.

2021 ஆகஸ்டில் முதலமைச்சர் மு.க. ஸ்டாலின் சட்டமன்றத்தில் அளித்த கணக்குப்படி 108 முகாம்களில் 58,822 பேர் இருந்தனர். முகாம்களின் பெயர் ‘மறுவாழ்வு முகாம்’ என மாற்றப்பட்டது. 7,469 வீடுகள் புதிதாகக் கட்டவும், மாத உதவித்தொகையைக் குடும்பத் தலைவருக்கு 1,500 ரூபாயாகவும் மற்றப் பெரியவர்களுக்கு 1,000 ரூபாயாகவும் சிறுவர்களுக்கு 500 ரூபாயாகவும் உயர்த்தவும் ஆணை வந்தது. தகரமும் தார்ப்பாயும் இருந்த இடத்தில் காங்கிரீட் கூரை எழும்பியது மெய்யான முன்னேற்றம். நிலம் மட்டும் குடியிருப்போர் பெயரில் இல்லை.

திரும்புதல்

2009இல் போர் முடிந்தபின் சில குடும்பங்கள் இலங்கைக்குத் திரும்பின. அங்கே பிள்ளைகள் மறுபடியும் புதியவர்கள். பேச்சில் கரிசல் வாடை. பள்ளியில் அதுவரை படித்திராத சிங்களப் பாடம். தமிழ்நாட்டுச் சான்றிதழ்களுக்கு ஈடு காட்ட வேண்டிய அலைச்சல். இந்தியாவில் பிறந்த பிள்ளை இலங்கைக் குடியுரிமை பெற வேண்டுமானால், சென்னையிலுள்ள இலங்கைத் துணைத் தூதரகத்தில் பிறப்பைப் பதிந்து குடியுரிமைச் சான்றிதழ் வாங்க வேண்டும். அதற்குப் பெற்றோரின் இலங்கைப் பிறப்புச் சான்றிதழ் தேவை. குண்டுவீச்சில் வீட்டையும் படகில் உடைமையையும் இழந்தவர்களிடம் அது பெரும்பாலும் இருப்பதில்லை. போக விரும்புவோருக்கும் இருக்க விரும்புவோருக்கும் முதலில் தேவைப்படுவது ஏதாவது ஒரு நாட்டின் குடிமகன் என்று காட்டும் தாள். அதைத் தேடி மல்லாங்கிணற்றிலிருந்து சென்னைக்குப் பேருந்து ஏறுவதற்கே சிலர் கூலியிலிருந்து பணம் ஒதுக்க வேண்டியிருக்கிறது.