காலத்தைத் திருத்திய கல்லூரியும் தடுக்கப்பட்ட நூலும்

காலம் இறைவனுடையது, அதை அளக்கும் பணியோ மனிதனுடையது. அளக்கும் இடத்தில் பிழை நேர்வது இயல்பு. பிழையைக் கண்டறிய அறிவு வேண்டும். கண்டதை ஏற்றுக்கொள்ளப் பணிவு வேண்டும். இவ்விரண்டும் ஓரிடத்தில் கூடி நின்றதையும், ஒரு தலைமுறைக்குள் அவற்றுள் ஒன்று தளர்ந்ததையும் உரோமைக் கல்லூரியின் வரலாறு நமக்குக் காட்டுகிறது.

புனித இஞ்ஞாசியார் 1551ஆம் ஆண்டு நிறுவிய கல்லூரி அது. இறையியலும் மெய்யியலும் கோலோச்சிய அவ்விடத்தில் கணிதத்திற்கும் வானநூலுக்கும் உரிய இருக்கையைப் பெற்றுத் தந்தவர், ஜெர்மானிய நாட்டு பாம்பெர்க் நகரில் பிறந்த இயேசு சபைக் குரு கிறிஸ்டோபர் கிளாவியுஸ். ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் அவர் அங்கே கணிதம் கற்பித்தார். சீனத்திற்குச் சென்ற மத்தேயு ரிச்சி அவருடைய மாணவரே.

அந்நாளில் திருச்சபையை வாட்டிய சிக்கல் ஒன்று இருந்தது. ஜூலியஸ் சீசர் வகுத்த நாட்காட்டி, ஆண்டின் நீளத்தை முந்நூற்று அறுபத்தைந்தே கால் நாள் எனக் கொண்டது. உண்மை ஆண்டு அதனினும் ஏறத்தாழ 11 நிமிடம் குறைவு. 11 நிமிடம் என்ன பெரிது என்று தோன்றலாம். ஆனால் ஏறக்குறைய 128 ஆண்டுகளுக்கு ஒரு நாள் வீதம் பிழை சேர்ந்துகொண்டே போயிற்று. நிசேயா பொதுச்சங்கம் கூடிய 325ஆம் ஆண்டின் கணக்குப்படி, இளவேனிலில் பகலும் இரவும் சமமாகும் நாள் மார்ச் 21. பதினாறாம் நூற்றாண்டிலோ அது மார்ச் 11ஆம் நாளிலேயே வந்துவிட்டது. உயிர்ப்புப் பெருவிழா அந்நாளையும் அதையொட்டி வரும் முழுநிலவையும் கொண்டே கணிக்கப்படுவதால், விழாக்களுக்கெல்லாம் தலையான விழா தன் பருவத்தை விட்டு விலகிச் சென்றது.

தென் இத்தாலியைச் சேர்ந்த மருத்துவர் லூயிஜி லிலியோ என்பவர் இதற்கு ஒரு தீர்வு வகுத்துவிட்டு 1576இல் மறைந்தார். அத்திட்டத்தை ஆராய்ந்த குழுவில் கிளாவியுஸ் இடம்பெற்றார். 1582ஆம் ஆண்டு பிப்ரவரி 24ஆம் நாள் திருத்தந்தை பதிமூன்றாம் கிரகோரியார் ஆணை பிறப்பித்தார். அவ்வாண்டு அக்டோபர் 4 வியாழக்கிழமைக்கு மறுநாள், அக்டோபர் 15 வெள்ளிக்கிழமை ஆயிற்று. அவிலாவின் புனித தெரேசா அந்த இரவில்தான் இறைவனடி சேர்ந்தார். அவருடைய திருநாளை நாம் அக்டோபர் 15இல் கொண்டாடுவதன் காரணம் இதுவே. இனி 400 ஆண்டுகளில் மூன்று மிகுநாள்கள் விலக்கப்பட வேண்டும் என்பதும் முடிவாயிற்று. ஆகவேதான் 1900 சாதாரண ஆண்டாகவும் 2000 லீப் ஆண்டாகவும் அமைந்தன. திருத்தந்தையின் ஆணை என்பதற்காகவே பல நாடுகள் இதை மறுத்தன. இங்கிலாந்து 1752இல்தான் ஏற்றது. மறுத்தவர்களுக்கு விடையளித்து நூல்கள் எழுதுவதிலேயே கிளாவியுஸின் முதுமை கழிந்தது.

இனி, தடுக்கப்பட்ட நூலுக்கு வருவோம். பூமி கதிரவனைச் சுற்றுகிறது என்று கூறிய கோப்பர்நிக்கஸின் நூல் 1543இல் வெளிவந்தது. ஆலய நிர்வாகத்தில் பணியாற்றிய அவர், அதைத் திருத்தந்தை மூன்றாம் பவுலுக்கே காணிக்கையாக்கினார். ஆண்டு, மாதங்களின் அளவு சரிவரத் தெரியாமையால் நாட்காட்டித் திருத்தம் முன்னர் கைகூடாமற்போனதை அதன் முகவுரையில் சுட்டி, தம் ஆய்வு திருச்சபைக்குப் பயன்படும் என்று நம்பினார். பூமி நிலையானது என்றே கிளாவியுஸ் இறுதிவரை கருதினார். ஆயினும் கோப்பர்நிக்கஸின் புலமையை மதித்தார்.

1611இல் கலிலேயோ உரோமைக்கு வந்தார். தொலைநோக்கியில் அவர் கண்டவை மெய்தானா என்று கர்தினால் இராபர்ட் பெல்லார்மின் கல்லூரியின் கணித அறிஞர்களைக் கேட்டார். அவர்கள் தாமே வானத்தை நோக்கினர். வியாழனைச் சுற்றும் நிலவுகளும், வெள்ளியின் வளர்பிறை தேய்பிறையும் உண்மை எனச் சான்றளித்தனர். முதியவர் கிளாவியுஸும் கையொப்பமிட்டார். வானநூலார் தம் பழைய அமைப்பை மீண்டும் எண்ணிப் பார்க்க வேண்டும் என்று தம் கடைசிப் பதிப்பில் எழுதிவிட்டு 1612இல் காலமானார்.

அதன்பின் கல்லூரியின் குரல் தாழ்ந்தது. மெய்யியலில் அரிஸ்டாட்டிலையே பின்பற்றி ஒருமித்த போதனையைக் காக்குமாறு சபைத் தலைவர் அக்குவாவிவா 1613இல் வலியுறுத்தினார். 1616 மார்ச்சில், திருத்தப்படும் வரை கோப்பர்நிக்கஸின் நூலைப் படிக்கலாகாது என்ற ஆணை பிறந்தது. 1620இல் சில வரிகளை மாற்றிப் படிக்க இசைவு கிடைத்தது. பயனுள்ள செய்திகள் அதில் பல உண்டு என்பதே சொல்லப்பட்ட காரணம். 1633இல் கலிலேயோ தண்டிக்கப்பட்டார்.

நடுநிலையோடு நோக்கினால், அன்று எதிர்த்தவர் அனைவரும் அறிவிலிகள் அல்லர். மறுக்கவியலாத சான்று கிடைத்தால் மறைநூலுக்கு நாம் தரும் பொருளை ஆய்ந்து பார்க்க வேண்டியிருக்கும் என்று பெல்லார்மினே 1615இல் எழுதியிருந்தார். அத்தகைய சான்று அன்று கலிலேயோவின் கையிலும் இல்லை. பூமியின் இயக்கத்தை நேரடியாகக் காட்டும் முதற்சான்று 1728இல் பிராட்லி என்ற ஆங்கிலேயரால் கிடைத்தது. எனினும், சான்று வரும்வரை காத்திருப்பது வேறு; சான்றைத் தேடும் வழியையே அடைப்பது வேறு.

அடைத்த வழியைத் திறக்க நெடுங்காலம் பிடித்தது. 1835இல் வெளிவந்த தடைநூற்பட்டியலில்தான் அவ்விருவர் நூல்களும் இடம்பெறாமற்போயின. அறிவியலுக்குரிய முறையான உரிமையை உணராத மனப்போக்கு கிறிஸ்தவரிடையேயும் இருந்ததற்காக இரண்டாம் வத்திக்கான் சங்கம் 1965இல் வருந்தியது. மறு ஆண்டே தடைநூற்பட்டியல் தன் சட்ட வலிமையை இழந்தது. 1992 அக்டோபர் 31இல் திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல், கலிலேயோவின் வழக்கில் அன்றைய இறையியலாளர் இழைத்த பிழையை வெளிப்படையாக ஏற்றார்.

நாட்காட்டியில் பத்து நாள்களை நீக்கத் துணிந்த திருச்சபை, வானத்தைப் பற்றிய பழங்கருத்தை விட்டுவிட ஏன் தயங்கியது? முன்னதில், இறைவழிபாடு செம்மையுற அறிவு துணை நின்றது. அதனால் அறிவை அது வரவேற்றது. பின்னதில், அதே அறிவு விசுவாசத்தையே அசைப்பதாக அஞ்சியது. அச்சம் புகுந்த இடத்தில் ஆய்வுக்கு இடமில்லாமற்போயிற்று.

நம் இல்லங்களிலும் பங்குகளிலும் இளைஞர் புதிய வினாக்களோடு வருகின்றனர். அவர்தம் வினாக்களுக்கெல்லாம் விடை நம்மிடம் இராது. உரோமைக் கல்லூரியின் அந்த முதிய குரு செய்ததை நாமும் செய்யலாம்: உடன்பட இயலாதபோதும், அவர்கள் காட்டும் திசையில் ஒருமுறை கண்ணைத் திருப்பிப் பார்க்கலாம். உண்மையின் ஊற்றாகிய இறைவன் ஒரு கையால் எழுதியதை மறு கையால் அழிப்பவர் அல்லர்.