ஒரே தீ, இரண்டு அர்த்தம்

நைந்துபோன தேசியக் கொடியை என்ன செய்வது? மரியாதையாக அழிக்க வேண்டும், எரிப்பது உத்தமம் என்கிறது அமெரிக்கக் கொடிச் சட்டம். நம்மூர்க் கொடி விதியும் கிட்டத்தட்ட இதையேதான் சொல்கிறது, தனிமையில் எரிக்கச் சொல்கிறது, அவ்வளவுதான்.

1984 ஆகஸ்டில், டல்லஸ் நகரில் குடியரசுக் கட்சி மாநாடு. ரீகனை எதிர்த்து ஊர்வலம் போன கிரெகரி லீ ஜான்சன், நகர மன்றத்தின் முன் கொடியில் மண்ணெண்ணெய் ஊற்றிக் கொளுத்தினார். ஓராண்டுச் சிறை, 2000 டாலர் அபராதம். நிரல் எழுதுகிற என் கண்ணுக்கு இது உறுத்துகிறது: செயல் ஒன்று, விளைவு இரண்டு. அப்படியானால் தண்டனை தீக்கா, மனதில் இருந்த கருத்துக்கா? 1989இல் உச்ச நீதிமன்றம் 5-4 என்று ஜான்சன் பக்கம் நின்றது. நீதிபதி பிரென்னன் எழுதிய தீர்ப்பின் சாரமும் இதுதான். பழமைவாதியான ஸ்கலியாவும் அதில் சேர்ந்துகொண்டார். நாடாளுமன்றம் அவசரமாகப் புதுச் சட்டம் போட்டது. 1990இல் அதுவும் செல்லாமல் போச்சு.

இந்தியாவின் 1971ஆம் ஆண்டுச் சட்டத்தில், பொது இடத்தில் கொடியை எரித்தால் மூன்றாண்டு வரை சிறை. கொடியை மாற்றக் கோரிச் சட்டவழியில் விமர்சிப்பது குற்றமில்லை. பேசலாம், கொளுத்தக்கூடாது. நியாயமான கோடு மாதிரித்தான் தெரிகிறது. ஆனால் பேச்சை யாரும் காதில் வாங்காதபோதுதானே ஒருவன் தீப்பெட்டியைத் தேடுகிறான்?

கொடி எரிவதைப் பார்க்க எனக்கும் பிடிக்காதுதான். பிடித்த கருத்துக்கு மட்டும் பாதுகாப்பு என்றால், அதற்கு அரசியல் சாசனம் எதற்கு?