‘தொழிலைத் தொட்ட’ தகராறு: ஒரு சட்டச் சொற்றொடரின் வரலாறு

கூட்டுறவுச் சங்கத்தோடு செய்த ஒப்பந்தம் முறிந்தால், நியாயம் யார் பக்கம் என்பதற்கு முன்பே எழும் வினா ஒன்று உண்டு: வழக்கை எந்த மன்றத்தில் தொடுப்பது? அதிகார வரம்பற்ற மன்றத்தின் தீர்ப்பாணை செல்லாது. அதை நிறைவேற்றும் கட்டத்தில்கூட எதிர்க்கலாம் என்று கிரண் சிங் வழக்கில் (1954) உச்ச நீதிமன்றம் கூறியது. தவறான வாயிலில் நுழைந்த வழக்கு, பல்லாண்டு நடந்து வென்ற பின்னும் வீணாகக்கூடும். கூட்டுறவுத் துறையில் இந்தத் தடுமாற்றத்தின் வேர் 1912ஆம் ஆண்டுச் சட்டத்தின் ஒரு சொற்றொடரில் உள்ளது.

1904ஆம் ஆண்டின் முதல் சட்டம் கடன் சங்கங்களை மட்டுமே கருதியது. 1912ஆம் ஆண்டுச் சட்டம் பிறவகைச் சங்கங்களுக்கும் இடமளித்தது. சங்கத்தின் ‘தொழிலைத் தொட்ட’ தகராறுகளைப் பதிவாளரின் முடிவுக்கோ நடுவர் தீர்ப்புக்கோ அனுப்ப விதிகள் இயற்றலாம் என்றும் அது கூறியது. உறுப்பினர்களுக்குள் எழும் சிறு பிணக்குகளைச் செலவின்றி விரைவில் தீர்க்க அது பொருத்தமான ஏற்பாடு. பம்பாய் மாகாணத்தின் 1925ஆம் ஆண்டுச் சட்டமும், மகாராஷ்டிரத்தின் 1960ஆம் ஆண்டுச் சட்டத்தின் 91ஆம் பிரிவும் அச்சொற்றொடரைத் தொடர்ந்து பயன்படுத்தின.

ஆனால் சங்கங்கள் மாறிவிட்டன. அவை நகர வங்கிகளாகவும் சர்க்கரை ஆலைகளாகவும் வீட்டுவசதி நிறுவனங்களாகவும் வளர்ந்தன. உறுப்பினரல்லாதாரோடும் கொடுக்கல் வாங்கல் பெருகியது. பதிவாளரோ சங்கங்களை மேற்பார்வையிடும் அதிகாரி. அவர் நியமித்தவரின் முன் வெளியாள் ஒருவர் தம் ஒப்பந்த உரிமைக்காக வாதாட வேண்டுமா?

டெக்கான் மெர்ச்சண்ட்ஸ் கூட்டுறவு வங்கி வழக்கில், 1968இல், உச்ச நீதிமன்றம் இதற்கு எல்லை வகுத்தது. உறுப்பினர் ஒருவரின் கட்டடம் பின்னர் வங்கியின் கைக்கு வந்திருந்தது. அதிலிருந்த வாடகைதாரருக்கும் வங்கிக்கும் இடையே எழுந்த தகராறு எந்த மன்றத்துக்குரியது என்பதே வினா. ‘தொழில்’ என்பது சங்கம் செய்யும் எல்லாச் செயலும் அன்று; சட்டமும் விதிகளும் துணைவிதிகளும் அனுமதித்த வணிகம் முதலான நடவடிக்கையே என்றது நீதிமன்றம். தனக்குத் தேவைப்படாத பகுதியை வாடகைக்கு விடுவது வங்கியின் தொழிலாகாது. வீடு கட்டி உறுப்பினர்களுக்கு வாடகைக்கு விடும் சங்கத்துக்கு அதுவே தொழிலாகலாம். அந்த வாடகைதாரர் உறுப்பினரின் வழியாக உரிமை கோருபவரும் அல்லர் என முடிவாயிற்று. மறு ஆண்டு ஆந்திரக் கூட்டுறவு மத்திய வங்கி வழக்கில், ஊழியர்களின் பணி நிபந்தனைகளை மாற்றக் கோரும் தகராறும் சங்கத்தின் தொழிலைத் தொட்டதன்று என்று நீதிமன்றம் தீர்த்தது.

இந்த அளவுகோலின் மறுபக்கம் ஓ. என். பட்நாகர் வழக்கில் (1982) வெளிப்பட்டது. பம்பாயில் வீட்டுவசதிச் சங்கம் ஒன்றின் குடியிருப்பை, அதன் உறுப்பினரோடு செய்த லீவ் அண்ட் லைசென்ஸ் ஒப்பந்தத்தின் வழியே ஒருவர் அனுபவித்து வந்தார். அவரை வெளியேற்றச் சங்கம் தொடுத்த தகராறு 91ஆம் பிரிவுக்குள் அடங்கும் என்றது உச்ச நீதிமன்றம். வீடுகள் உறுப்பினரின் குடியிருப்புக்கே பயன்படுவதை உறுதிசெய்வது அத்தகைய சங்கத்தின் தொழில். குடியிருந்தவரின் உரிமையும் உறுப்பினர் வழியே வந்தது. இரு வழக்கிலும் கட்டடத்தை ஒருவர் அனுபவிப்பதே பிணக்கு. சங்கங்களின் தன்மை வேறானதால் மன்றமும் வேறாயிற்று.

இதற்கிடையே, 1974இல் வெளிவந்த திருத்தச் சட்டம் மகாராஷ்டிரத்தில் கூட்டுறவு நீதிமன்றங்களுக்கு வழிவகுத்தது. உறுப்பினரல்லாதாருள், 43, 44, 45ஆம் பிரிவுகளின்கீழ் கட்டுப்பாடுகள் விதிக்கப்பட்ட பரிவர்த்தனையில் ஈடுபட்டவரையும் அது அவ்வரம்புக்குள் கொண்டுவந்தது.

ஆகவே, ஒப்பந்தத்தின் ஒரு பக்கத்தில் சங்கம் இருப்பதாலேயே வழக்கு கூட்டுறவு நீதிமன்றத்துக்கு உரியதாகிவிடாது. தகராறு அச்சங்கத்தின் தொழிலைத் தொடவேண்டும். தரப்பினர் இருவரும் பிரிவில் சொல்லப்பட்ட வகையினராக இருக்கவேண்டும். இரண்டில் ஒன்று இல்லையெனினும் 91ஆம் பிரிவு பொருந்தாது. வாடகைச் சட்டம் போன்ற தனிச்சட்டம் வேறு மன்றத்தைக் காட்டாதபோது, உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 9ஆம் பிரிவு திறந்துவைத்த பொது நீதிமன்றமே வழி. ஆனால் அங்கும் அச்சொற்றொடர் பின்தொடர்கிறது: தொழிலைத் தொட்ட செயலுக்காகச் சங்கத்தின் மீது வழக்கிடுபவர், 164ஆம் பிரிவின்படி பதிவாளருக்கு அறிவிப்புக் கொடுத்து இரு மாதங்கள் காத்திருக்க வேண்டும். வாயில் தவறியவருக்குக் காலவரையறைச் சட்டத்தின் 14ஆம் பிரிவு சிறிது துணைநிற்கும். அதுவும் நல்லெண்ணத்தோடும் உரிய கவனத்தோடும் வழக்கு நடத்தியவருக்கே.