603 கி.மீ. வேகமும் 363 டன் அழுத்தமும்: நிப்பான் ஷார்யோ கடந்து வந்த பாதை

ஜப்பானின் யமனாஷி சோதனைப் பாதையில் 2015 ஏப்ரல் 21 அன்று, காந்த விசையால் மிதந்து ஓடும் ரயில் மணிக்கு 603 கி.மீ. வேகத்தை எட்டி உலக சாதனை படைத்தது. அதன் பெட்டிகளைத் தயாரித்த நிறுவனங்களுள் ஒன்று நகோயா நகரைச் சேர்ந்த நிப்பான் ஷார்யோ. ஆனால் நான்கே மாதங்களில் அந்நிறுவனம் எதிர்பாராத தோல்வியைச் சந்தித்தது. அமெரிக்காவுக்காக அது உருவாக்கிய இரண்டடுக்கு ரயில் பெட்டியின் உடற்பகுதி, வலிமைச் சோதனையில் தேறவில்லை. சாதனை ரயிலின் வேகத்தில் மூன்றில் ஒரு பங்கு வேகத்துக்காக மட்டுமே திட்டமிடப்பட்ட பெட்டி அது.

இந்த முரணுக்கான காரணம் நிறுவனத்தின் வரலாற்றிலேயே அடங்கியிருக்கிறது.

ஜப்பானில் முதல் ரயில் 1872-ஆம் ஆண்டு தோக்கியோவின் ஷிம்பாஷிக்கும் யோகோஹாமாவுக்கும் இடையே ஓடியது. இன்ஜின்களும் பெட்டிகளும் பிரிட்டனிலிருந்து இறக்குமதி செய்யப்பட்டவை. இந்த நிலையை மாற்றும் நோக்கில் உள்நாட்டு நிறுவனங்கள் தோன்றத் தொடங்கின. 1896-இல் ஒசாகாவில் கிஷா செய்ஸோ நிறுவனமும், நகோயாவில் நிப்பான் ஷார்யோவும் தொடங்கப்பட்டன. முன்னது பின்னாளில் கவாசாகி நிறுவனத்துடன் இணைந்து மறைந்தது. நிப்பான் ஷார்யோ தன் பெயரிலேயே நீடித்து வருகிறது. அக்காலப் பெட்டிகளின் உடல் மரத்தாலானது. எனவே தொடக்க காலத் தொழிற்சாலைகளில் தச்சர்களின் பங்கு பெரிதாக இருந்தது.

பெட்டிகளோடு நீராவி இன்ஜின்களையும் நிறுவனம் தயாரித்தது. அவற்றுள் 1936-இல் உருவான 'சி56 31' என்ற இன்ஜின் தமிழர் வரலாற்றோடும் தொடர்புடையது. இரண்டாம் உலகப் போரின்போது அவ்வகை இன்ஜின்கள் 90 ஜப்பானிலிருந்து தென்கிழக்கு ஆசியாவுக்கு அனுப்பப்பட்டன. 1,067 மி.மீ. பாதைக்கான அவற்றின் சக்கரங்கள், அங்குள்ள 1,000 மி.மீ. பாதைக்கேற்ப மாற்றப்பட்டன. தாய்லாந்தையும் பர்மாவையும் இணைத்த 415 கி.மீ. ரயில் பாதையில் அவை ஓடின. தமிழர்கள் 'சயாம் மரண ரயில்' என்று நினைவுகூரும் பாதை அதுவே. 60,000-க்கும் மேற்பட்ட நேச நாட்டுப் போர்க்கைதிகளோடு, மலாயாவின் ரப்பர்த் தோட்டங்களிலிருந்து கொண்டுசெல்லப்பட்ட தமிழர் உட்பட லட்சக்கணக்கான ஆசியத் தொழிலாளர்களும் அதன் பணியில் வதைக்கப்பட்டனர். போர்க்கைதிகளில் 12,000-க்கும் மேற்பட்டோர் மடிந்தனர். தொழிலாளர்களில் இறந்தவர்கள் சுமார் 90,000 பேர் என்பது பரவலாகக் கூறப்படும் மதிப்பீடு. 1979-இல் ஜப்பானுக்குத் திரும்பிய அந்த இன்ஜின், தோக்கியோவின் யாசுகுனி ஆலய அருங்காட்சியகத்தில் இன்று காட்சிக்கு வைக்கப்பட்டுள்ளது.

போருக்குப் பிந்தைய காலத்தில் நிறுவனத்தின் கவனம் எடை குறைந்த பெட்டிகளின் பக்கம் திரும்பியது. ஒடக்யூ ரயில் நிறுவனத்துக்காக 1957-இல் கவாசாகியோடு சேர்ந்து அது கட்டிய ரயில், மணிக்கு 145 கி.மீ. வேகத்தை எட்டிக் குறுகிய பாதையில் அன்றைய உலக சாதனையை நிகழ்த்தியது. எடை குறைந்தால் வேகம் கூடும், தண்டவாளத் தேய்மானமும் குறையும் என்ற கொள்கைக்குக் கிடைத்த வெற்றி அது. 1961-இல் நகோயா ரயில் நிறுவனத்துக்காக உருவான பனோரமா ரயிலில் ஓட்டுநரை மாடியில் அமர்த்தி, முன்கண்ணாடியைப் பயணிகளுக்கே கொடுத்துவிட்டனர். 1964 அக்டோபர் 1 அன்று தொடங்கிய ஷிங்கன்சென் எனும் புல்லட் ரயிலின் முதல் தலைமுறைப் பெட்டிகளைத் தயாரித்த ஐந்து நிறுவனங்களுள் நிப்பான் ஷார்யோவும் ஒன்று.

ஷிங்கன்சென் பாதையில் லெவல் கிராசிங் கிடையாது, சரக்கு ரயில்களும் பொதுவாகச் செல்வதில்லை. தானியங்கிக் கட்டுப்பாடு ரயில்களுக்கிடையே இடைவெளியைக் காக்கிறது. மோதலைத் தாங்குவதைவிட, மோதலே நிகழாமல் பார்த்துக்கொள்வதுதான் இங்குள்ள பாதுகாப்பு முறை. ஆகவே பெட்டியை இலகுவாகக் கட்ட முடிகிறது. இந்தியாவில் மும்பை–ஆமதாபாத் இடையே அமைக்கப்பட்டு வரும் தனிப்பாதையும் இத்தொழில்நுட்பத்தைப் பின்பற்றியதே.

அமெரிக்காவில் நிலைமை வேறு. அங்கு பயணிகள் ரயில்கள் பெரும்பாலும் கனமான சரக்கு ரயில்கள் செல்லும் தண்டவாளங்களிலேயே ஓடுகின்றன. எனவே பெட்டியின் உடல், முன்னும் பின்னுமிருந்து தரப்படும் 8 லட்சம் பவுண்டு, அதாவது சுமார் 363 டன் அழுத்தத்தை உருக்குலையாமல் தாங்க வேண்டும் என்பது விதி.

1980-களிலிருந்து சிகாகோ பகுதிக்குப் பெட்டிகளை வழங்கி வந்த நிப்பான் ஷார்யோவுக்கு இவ்விதி புதிதல்ல. 2012-இல் இல்லினாய் மாநிலத்தின் ராச்செல் நகரில் ஆலை ஒன்றையும் திறந்தது. அதே ஆண்டில், கலிபோர்னியா, இல்லினாய் உள்ளிட்ட மாநிலங்களுக்கு 130 இரண்டடுக்குப் பெட்டிகளை வழங்கும் பொறுப்பு, சுமார் 35 கோடி டாலர் மதிப்பிலான ஒப்பந்தத்தின் வழியே சுமிதோமோ நிறுவனத்துக்கும் அதற்கும் கிடைத்தது. 2015 ஆகஸ்டில் தோற்றது அந்த ஒப்பந்தத்தின் மாதிரிப் பெட்டிதான். வடிவமைப்பை மீண்டும் தொடங்க வேண்டியதாயிற்று. கூட்டாட்சி அரசின் ஊக்க நிதியை 2017 செப்டம்பருக்குள் செலவிட வேண்டும் என்ற கெடுவோ நெருங்கிக்கொண்டிருந்தது. இறுதியில் 2017 நவம்பரில் பணி ஜெர்மனியின் சீமென்ஸ் நிறுவனத்துக்கு மாற்றப்பட்டது. இரண்டடுக்குத் திட்டமும் கைவிடப்பட்டு, 137 ஒற்றையடுக்குப் பெட்டிகள் வாங்க முடிவானது.

ராச்செல் ஆலை 2018-இல் மூடப்பட்டது. பெரும் இழப்பைச் சந்தித்த நிறுவனத்துக்கு அரணாக நின்றது, 2008-இல் அதன் பெரும்பான்மைப் பங்குகளை வாங்கியிருந்த ஜே.ஆர். சென்ட்ரல் எனும் மத்திய ஜப்பான் ரயில்வே. தோக்கியோ–ஒசாகா புல்லட் ரயிலை இயக்கும் அந்நிறுவனமே நிப்பான் ஷார்யோவின் முதன்மை வாடிக்கையாளரும்கூட. 2020 ஜூலையில் ஓடத் தொடங்கிய என்700எஸ் ரயில்களுக்கான பெட்டிகளை நிப்பான் ஷார்யோ தன் தொயோகாவா தொழிற்சாலையில் கட்டுகிறது. 1945 ஆகஸ்ட் 7 அன்று அமெரிக்கக் குண்டுவீச்சில் 2,500-க்கும் மேற்பட்டோர் உயிரிழந்த கடற்படை ஆயுதச் சாலையின் நிலத்தில் அமைந்தது அத்தொழிற்சாலை.

ராச்செல்லில் பொருத்தப்பட்ட டீசல் ரயில்கள், அமெரிக்க விதிகளுக்கு உட்பட்டுக் கலிபோர்னியாவின் சொனோமா, மரின் மாவட்டங்களில் ஓடுகின்றன.