பட்டறையில் பிறந்த ஓசை

எண்பதுகளின் தொடக்கத்தில் சேலம் உருக்காலையில் துருவேறா எஃகுத் தகடு உருளத் தொடங்கிய கதையைச் சென்ற வாரம் சொன்னேன். தகட்டோடு மல்லுக்கட்டிய ஊர்க்காரர்களுக்கு இந்த வாரக் கதை சட்டென்று புரியும்.

1965. இங்கிலாந்தின் பர்மிங்காம். டோனி அயோமி என்ற பதினேழு வயதுப் பையனுக்குத் தகரப் பட்டறையில் அன்று கடைசி நாள். இசைக்குழுவோடு ஐரோப்பா கிளம்ப ஏற்பாடாகியிருந்தது. பிரஸ் மிஷின் ஓட்டுகிறவர் அன்று வரவில்லை. பழக்கமில்லாத பையனை அதில் நிறுத்தினார்கள். மிஷின் இறங்கியதில் வலது கையின் நடுவிரல், மோதிர விரல் இரண்டின் நுனியும் போயிற்று. அவர் இடக்கைக்காரர். கிடார் தந்தியை அழுத்த வேண்டியது அந்த வலது கைதான்.

வாசிப்பை விட்டுவிட நினைத்தவருக்குப் பட்டறை மேலாளர் ஓர் இசைத்தட்டைக் கொண்டுவந்து கொடுத்தார். தீயில் இரு விரல்கள் முடங்கியும் கிடாரில் மேதையான ஜாங்கோ ரைன்ஹார்ட்டின் தட்டு அது. அயோமி எழுந்தார். பிளாஸ்டிக் புட்டியை உருக்கி, குடைந்து, விரலுக்கு உறை செய்தார். பழைய தோல் ஜாக்கெட்டிலிருந்து துண்டு வெட்டி அதன்மேல் ஒட்டினார். தடித்த தந்தி வலித்ததால் மெல்லிய தந்தி போட்டார். 1971-இல் தன் பிளாக் சப்பாத் குழுவின் 'மாஸ்டர் ஆஃப் ரியாலிட்டி' ஆல்பத்தில் பல பாடல்களுக்குச் சுருதியை மூன்று அரைச்சுரம் இறக்கினார். தந்தி தளர்ந்து விரலுக்கு இதமானது. ஓசையோ அடிவயிற்றை அதிரவைத்தது. கனத்த இசைக்கெல்லாம் ஆணிவேர் அந்தப் பட்டறைதான் என்பது என் துணிபு.

அந்தக் கனத்தோடு பங்க் இசையின் கோபம் கலந்தபோது பிறந்ததுதான் ஸ்லட்ஜ் மெட்டல். வேகமே உயிர் என்றிருந்த பிளாக் ஃப்ளாக் என்ற பங்க் குழு, 1984-இல் 'மை வார்' ஆல்பத்தின் இரண்டாம் பக்கம் முழுக்க நத்தை வேகத்தில் வாசித்தது. ரசிகர்கள் பலருக்கு ஆத்திரம். வாஷிங்டன் மாநிலத்தின் மரம்வெட்டும் பகுதியிலிருந்து வந்த மெல்வின்ஸ் குழு அந்த நிதானத்தைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டது. 1987-இல் வந்த அவர்களுடைய 'குளூயி போர்ச் ட்ரீட்மென்ட்ஸ்' ஆல்பத்தைத்தான் இந்த வகையின் தொடக்கம் என்று பலரும் சொல்கிறார்கள். பிறகு நியூ ஆர்லியன்ஸ் நகரம் இதைத் தத்தெடுத்தது.

நம் பக்கம் இது வந்தது பெங்களூரு வழியாக. ஓசூர் தாண்டினால் எட்டிவிடும் ஊர்தானே! அங்கே பெவர் சீ குழுவின் முதல் ஆல்பம் 2012-இல் வந்தது. அதில் டூம் என்ற, மெதுவாக நகரும் மெட்டல் வகையின் சாயல் அதிகம். அசல் ஸ்லட்ஜ் கேட்க வேண்டுமானால் ஷெப்பர்ட் குழுவிடம் போக வேண்டும். மூன்றே பேர். 2015-இல் வெளியான அவர்களுடைய ஆல்பம் 'ஸ்டீரியோலிதிக் ரிஃபலோகலிப்ஸ்'. பெயரைப் போலவே முரட்டு ஆல்பம். தென்னிந்தியாவின் இசை வரலாற்றை எழுதுகிறவர்கள் சினிமாப் பாட்டோடு நின்றுவிட்டு இதைக் கண்டுகொள்ளாமல் போவது எனக்கு வருத்தம்தான்.

வெறும் இரைச்சல் என்பார்கள். ஆடி மாதம் கோயில் வாசலில் உறுமியின் தோலில் வளைந்த குச்சியைத் தேய்க்கும்போது எழும் அந்த உறுமலை யாராவது இரைச்சல் என்று சொன்னதுண்டா? அருள் வந்து ஆடுகிறோம். கனத்த ஓசையைத் தாங்கும் காது நமக்குப் புதிதல்ல.

சேலத்திலோ நாமக்கல்லிலோ பக்கத்து வீட்டு மொட்டைமாடியில் கல்லூரிப் பிள்ளைகள் கிடாரும் ட்ரம்ஸுமாக ஒத்திகை பார்த்தால், போய் நிறுத்தச் சொல்லாதீர்கள். ஒரு பாட்டு முழுசாகக் கேட்டுவிட்டு வாருங்கள்.

(தொடரும்)