தக்கண மேட்டுநிலமும் அதன் வரலாறும்

நருமதைக்குத் தெற்கே பரந்து கிடக்கும் தக்கண மேட்டுநிலத்தின்மீது படைநடத்தி வென்ற வடநாட்டு வேந்தர் பலர். அங்கே தம் ஆட்சியை நிலைநாட்டியவர் மிகச் சிலரே. இதற்குரிய காரணத்தை அரசர்தம் குணங்குற்றங்களில் மட்டும் தேடுவோர் அந்நிலத்தின் அமைப்பை நோக்கத் தவறிவிடுகின்றனர்.

ஏறக்குறைய 6 கோடியே 60 இலட்சம் ஆண்டுகட்கு முன்னர், இம்மேட்டுநிலத்தின் வடமேற்குப் பகுதியில் நிலப்பிளவுகளினூடாக எரிமலைக்குழம்பு பெருகி, அடுக்கடுக்காக உறைந்தது. இன்றும் அப்பாறை ஏறத்தாழ 2 இலட்சம் சதுர மைல் நிலத்தை மூடியுள்ளது. வல்லடுக்குகளும் மெல்லடுக்குகளும் மாறிமாறி அமைந்தமையால், மழைநீர் அரித்த மலைகள் படிபோன்ற சரிவுகளும் தட்டையான உச்சியும் பெற்றன. (இப்பாறைக்கு வழங்கும் ‘திராப்பு’ என்னும் பெயர், சுவீடிய மொழியிற் படிக்கட்டைக் குறிக்குஞ் சொல்லினின்று வந்ததே.) இத்தகைய மலைக்கு மதில் மிகுதியும் வேண்டுவதில்லை. உச்சியிற் பாறையைக் குடைந்து நீர்த்தொட்டி அமைத்துக்கொண்டால், சிறுபடையொன்றும் பெருஞ்சேனையைப் பல திங்கள் எதிர்த்து நிற்கும். 1674இல் சிவாஜி முடிசூடிய இராய்காட் அவ்வகைக் கோட்டைகளுள் ஒன்று.

மழையின் இயல்போ இன்னும் வியப்புக்குரியது. தென்மேற்குப் பருவக்காற்றை மேற்கு மலைத்தொடர் தடுத்துவிடுவதால், மலைமுகட்டிலுள்ள மகாபலேசுவரத்தில் ஆண்டுக்கு 200 அங்குலத்துக்கு மேல் மழை பொழிகின்றது. அங்கிருந்து கிழக்கே 50 மைல் சென்றால் 30 அங்குலமும் அரிது. ஆங்குள்ள கரிசல் மண் பருத்திக்கும் சோளத்துக்கும் ஏற்றதாயினும், நனைந்தவுடன் பொருமிச் சேறாகி வண்டிச் சக்கரங்களை விழுங்கும். காய்ந்தால் ஆழமாக வெடிக்கும்.

நிலவமைப்பே யாவற்றையுந் தீர்மானித்தது என்பது மிகையாகும். 1296இல் அலாவுதீன் தேவகிரியை ஒரே படையெடுப்பிற் பணியவைத்தான். உட்புகுதல் அத்துணை அரிதன்று. புகுந்த பெரும்படைக்கு உணவும் தீவனமும் அளித்து அங்கே நிறுத்திவைத்தலே அரிது. 1327இல் முகம்மது பின் துக்ளக் அதே தேவகிரியைத் தௌலதாபாத்து எனத் தலைநகராக்கினான்; அரசிருக்கை சில ஆண்டுகளில் டில்லிக்கே மீண்டது. 1347இற் பாமினி அரசு தோன்றத் தக்கணம் டில்லியின் கைவிட்டுப் போயிற்று.

1681இல் தெற்கே வந்த ஔரங்கசீப், 1686இல் பீசப்பூரையும் 1687இல் கோல்கொண்டாவையும் வென்றான். பீசப்பூர் சமநிலத்து நகரம். மராட்டியரின் மலைக்கோட்டைகளோ அங்ஙனம் பணியவில்லை. 1700இல் சதாரா, 1702இல் கேல்னா என ஒவ்வொன்றாகப் பிடிக்க ஆண்டுகள் கழிந்தன; பிடித்தவற்றுட் பல மீண்டும் மராட்டியர் வசமாயின. கேல்னாவினின்று மீளும்போது மழைக்காலம் தொடங்கிவிட, வெள்ளத்திலும் சேற்றிலும் சேனை பட்ட துன்பம் போர்க்களத் துன்பத்துக்குக் குறைந்ததன்று. 1707இல் அகமதுநகரில் அவன் இறந்தபோது, டில்லியை நீங்கி 25 ஆண்டுகட்கு மேலாகியிருந்தது. அவனுடல் தௌலதாபாத்துக்கு அணித்தாயுள்ள குல்தாபாத்தில் அடக்கஞ் செய்யப்பட்டது.