பெயருக்கு முன் நிற்கும் எழுத்து



காலைப் பிரட்டில் பெயர் கூப்பிட்ட காலம் உங்களில் பெரியவர்களுக்கு நினைவிருக்கும். பொழுது விடியுமுன், இருட்டோடு இருட்டாக, கிராணியார் செக்ரோலைப் பிரித்து வைத்துக்கொண்டு 'முனியாண்டி' என்று குரல் கொடுப்பார். மூன்று பேர் ஒரே நேரத்தில் 'ஐயா' என்பார்கள். எந்த முனியாண்டிக்கு எந்த நிரை என்று தெரியாவிட்டால் அன்றைய சம்பளக் கணக்கே மாறிப்போகும். ஆகவே, 'பெரிய முனியாண்டி', 'சின்ன முனியாண்டி', 'கிணற்றடி முனியாண்டி' என்று தோட்டமே சேர்ந்து அவர்களுக்கு அடைமொழி கொடுத்துவிடும். அடைமொழி கேலியாகப் பிறந்தாலும், அது செய்த வேலை பெரியது. ஒருவன் சிந்திய வியர்வை இன்னொருவன் கணக்கில் ஏறாமல் அது காத்தது.

இன்றைய பேச்சு காற்பந்து ஆட்டக்காரர்களைப் பற்றியது. காற்பந்துக்கும் செக்ரோலுக்கும் என்ன தொடர்பு என்று நீங்கள் கேட்கலாம். தொடர்பு பெயரில் இருக்கிறது. ஒரே பெயரைத் தாங்கிய ஆட்டக்காரர்கள் சிலரின் வரலாற்றைப் பார்த்தால், நம் பெயர்களின் முன்னால் நிற்கும் ஒற்றை எழுத்தின் மதிப்பு நமக்கு விளங்கும்.

முதலில் சற்றுத் தொலைவில் உள்ள ஸ்காட்லாந்துக்குப் போய்வருவோம். அது நமக்கு முற்றிலும் அந்நிய நாடன்று. மலாயாத் தோட்டங்களில் துரைகளாக இருந்தவர்கள் பலர் அந்நாட்டுக்காரர்கள். 'மெக்' என்று தொடங்கும் துரைமார் பெயர்களை நம் தாத்தா பாட்டிகள் கேட்டிருப்பார்கள். 'மெக்' என்றால் அவர்களுடைய பழைய மொழியில் 'மகன்' என்று பொருள். மெக்டொனால்ட் என்றால் டொனால்டின் மகன். நம் அடையாள அட்டையில் 'அனாக் லெலாக்கி' என்பதைச் சுருக்கி 'ஏ எல்' என்று போடுகிறார்களே, அதே பொருள்தான். ஆனால் ஒரு வேறுபாடு உண்டு. நம்மிடம் தந்தை பெயர் ஒரு தலைமுறையோடு நின்றுவிடும். மகனுக்கு மகன் பிறந்தால் எழுத்தும் மாறிவிடும். அங்கேயோ, என்றோ வாழ்ந்த ஒரு முன்னோரின் பெயரோ ஊரின் பெயரோ குடும்பப் பெயராகி, நூற்றாண்டுக் கணக்கில் தொடர்ந்து வருகிறது. ஆகவே, உறவே இல்லாத ஆயிரக்கணக்கானவர்கள் ஒரே குடும்பப் பெயரோடு வாழ்கிறார்கள்.

இதன் விளைவைக் காற்பந்துத் திடலில் காணலாம். கிளாஸ்கோ நகரில் செல்டிக், ரேஞ்சர்ஸ் என்று இரண்டு பெரிய குழுக்கள் உள்ளன. இரண்டும் தீராத போட்டியாளர்கள். செல்டிக் குழுவில் ஜிம்மி ஜான்ஸ்டன் என்ற குள்ளமான வலப்பக்க ஆட்டக்காரர் இருந்தார். 1967ஆம் ஆண்டு லிஸ்பன் நகரில் இத்தாலியின் இண்டர் மிலான் குழுவை 2-1 என்று வென்று ஐரோப்பியக் கிண்ணத்தைக் கொண்டுவந்த குழுவில் அவரும் ஒருவர். மூன்று ஆண்டுகள் கழித்து, 1970இல், ஸ்காட்லாந்து லீக் கிண்ண இறுதியாட்டத்தில் அதே செல்டிக்கை ரேஞ்சர்ஸ் 1-0 என்று வீழ்த்தியது. அந்த ஒரே கோலைத் தலையால் முட்டிப் போட்டவர் 16 வயதுச் சிறுவன். அவர் பெயரும் ஜான்ஸ்டன்தான், டெரிக் ஜான்ஸ்டன். கதை இத்தோடு முடியவில்லை. 1972இல் பார்சிலோனா நகரில் ரேஞ்சர்ஸ், மாஸ்கோ டைனமோ குழுவை 3-2 என்று வென்று மற்றோர் ஐரோப்பியக் கிண்ணத்தைப் பெற்றது. அதில் இரண்டு கோல்களைப் போட்டவர் வில்லி ஜான்ஸ்டன். டெரிக்கும் அதே ஆட்டத்தில் தற்காப்பில் நின்றார். டெரிக்கின் குடும்பப் பெயர் ஆங்கிலத்தில் 'இ' என்ற எழுத்தில் முடியும். வில்லியின் பெயரில் அந்த எழுத்து இல்லை. அந்த ஓர் எழுத்தைக் கவனிக்காமல் ஏட்டில் குறித்தால், ஒருவர் போட்ட கோல் இன்னொருவர் கணக்கில் போய்விடும்.

இனி நம் வீட்டுக்கு வருவோம். நம் நாட்டுத் தேசியக் குழுவின் பட்டியலைப் பாருங்கள். அதில் பெயர் வைக்கும் முறைகள் பல. சோ சின் ஆன் என்ற புகழ்பெற்ற தற்காப்பு ஆட்டக்காரருக்குக் குடும்பப் பெயரான 'சோ' முன்னால் வரும். மொக்தார் டஹாரி என்ற கோல் மன்னருக்குத் தந்தையின் பெயரான 'டஹாரி' பின்னால் வரும். தமிழருக்குத் தந்தையின் பெயர் ஓர் எழுத்தாகச் சுருங்கி முன்னால் நிற்கும். வெளிநாட்டுக்காரர் இதை அறியாமல் நம் தந்தையின் பெயரைக் குடும்பப் பெயர் என்று எண்ணிக்கொள்வதும் உண்டு. அப்போது திடலில் ஓடுபவர் மகன், பெயர் பெறுபவர் அப்பா என்றாகிவிடும். எந்த அப்பாவும் அதற்கு வருந்தமாட்டார் என்பது வேறு செய்தி!

அந்த எழுத்துகளைச் சற்று விரித்துப் பார்ப்போமா? 1972ஆம் ஆண்டு மியூனிக் ஒலிம்பிக்கில் மலேசியக் காற்பந்துக் குழுவுக்குத் தலைமை தாங்கியவர் எம். சந்திரன். அந்தப் போட்டியில் நம் குழு அமெரிக்காவை 3-0 என்று வென்றது. எம். என்பது முத்துவீரன். பல ஆண்டுகள் நம் கோல் கம்பத்தைக் காத்தவர் ஆர். ஆறுமுகம். ஆர். என்பது ரெங்கசாமி. 2010ஆம் ஆண்டு மலேசியாவுக்குத் தென்கிழக்காசியக் கிண்ணத்தை முதன்முறையாக வென்று தந்த பயிற்றுநர் கே. ராஜகோபால். கே. என்பது கிருஷ்ணசாமி. அந்தக் குழுவில் பக்கவாட்டில் பறந்து ஆடியவர் எஸ். குணாளன். எஸ். என்பது சுப்பிரமணியம். முத்துவீரன், ரெங்கசாமி, கிருஷ்ணசாமி, சுப்பிரமணியம்.  இவர்கள் பிள்ளைகளின் பெயருக்கு முன்னால் ஒவ்வோர் ஆட்டத்திலும் திடலில் இறங்கினார்கள்.

இப்போது ஒரே பெயர்க்காரர்களிடம் வருவோம். ராஜகோபால் என்றால் எந்த ராஜகோபால்? 1970களில் காற்பந்து பார்த்த பெரியவரிடம் கேட்டால், அவர் நினைவுக்கு முதலில் வருபவர் சிங்கப்பூரின் எஸ். ராஜகோபாலாக இருக்கக்கூடும். வாழைப்பழம் போல் வளைந்து செல்லும் உதைக்கு அவர் பேர்போனவர். பந்து ஒரு பக்கம் போவதுபோல் போய், மறுபக்கம் திரும்பி வலைக்குள் விழும். அவர் மகன் வயதுடையவரிடம் கேட்டால் கே. ராஜகோபால் என்பார். இவரும் முன்னாள் தேசிய ஆட்டக்காரர்தான். பிறகு பயிற்றுநராகி, 2009இல் லாவோஸில் நடந்த சீ விளையாட்டுப் போட்டியில் 20 ஆண்டுகளுக்குப் பிறகு காற்பந்துத் தங்கத்தை மீட்டுத் தந்தார். அடுத்த ஆண்டு டிசம்பரில், புக்கிட் ஜாலில் அரங்கில் இந்தோனேசியாவை 3-0 என்று வென்று, ஜகார்த்தாவில் 1-2 என்று தோற்றாலும், மொத்தத்தில் 4-2 என்ற கணக்கில் கிண்ணம் நம்முடையதாயிற்று. ஒருவர் அக்கரை, ஒருவர் இக்கரை. அந்த எஸ்ஸையும் கே-யையும் எடுத்துவிட்டால், எதிரெதிர்க் கரையில் நின்ற இருவரும் ஒரே ஆளாகிவிடுவார்கள்.

இதைவிட வியப்பானது தானபாலன் கதை. 1960களில் மலேசியாவின் தாக்குதல் ஆட்டக்காரராக விளங்கியவர் என். தானபாலன். கோல் போடுவதில் அவருக்கிருந்த திறமையைப் பார்த்து மக்கள் அவரைத் 'தானாகோல்' என்றே அழைத்தார்கள். அரை நூற்றாண்டு உருண்டது. 2017ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம், ஷா ஆலாம் அரங்கில் சீ விளையாட்டுப் போட்டியின் அரையிறுதி ஆட்டம். எதிரே இந்தோனேசியா. ஆட்டம் முடியச் சில நிமிடங்களே இருந்தன. இரு பக்கமும் கோல் இல்லை. அப்போது மூலையிலிருந்து வந்த பந்தைத் தலையால் முட்டி வலைக்குள் அனுப்பி, மலேசியாவை இறுதிக்குக் கொண்டுசென்றார் ஓர் இளைஞர். அவர் 1995இல் பிறந்தவர். அவர் பெயரும் என். தானபாலன்! பெயர் ஒன்று, முன்னெழுத்து ஒன்று, ஆடும் இடமும் ஒன்று. இங்கே அந்த ஓர் எழுத்துகூடப் போதவில்லை. ஆண்டையும் சேர்த்துச் சொன்னால்தான் தாத்தா காலத்துத் தானபாலன் யார், பேரன் காலத்துத் தானபாலன் யார் என்பது விளங்கும். இதனால்தான் வரலாறு எழுதுபவர்கள் 'யார்' என்று மட்டும் கேட்பதில்லை. 'யாருடைய மகன், எந்த ஊர், எந்த ஆண்டு' என்றும் கேட்கிறார்கள்.

நேயர்களே, இவ்வளவும் சொல்லும் நான் இந்தப் பாடத்தைப் புத்தகத்தில் படிக்கவில்லை. என் தவற்றால் கற்றேன். பயிற்சிக் கல்லூரியை விட்டு வெளிவந்து, ஈப்போ வட்டாரத்தில் ஒரு தோட்டப் பள்ளியில் சேர்ந்த புதிது. என் வகுப்பில் ஒரே பெயரில் இரண்டு மாணவர்கள். ஒருவன் கிராணி வீட்டுப் பிள்ளை. மற்றவன் பால்வெட்டுக்காரரின் மகன். வெறுங்காலோடு ஆடுவான், பந்து அவன் காலில் ஒட்டிக்கொண்டதுபோல் இருக்கும். வட்டாரத் தேர்வுக்கு எட்டுப் பேரின் பெயரை எழுதியனுப்பச் சொன்னார்கள். அவசரத்தில் முன்னெழுத்து இல்லாமல் பெயர்களை எழுதி அனுப்பிவிட்டேன். அழைப்புக் கடிதம் வந்தபோது நான் இரண்டு வார விடுப்பில் இருந்தேன். கடிதம் கிராணி வீட்டுக்குப் போய்விட்டது. அந்தப் பையனும் தெரியாமல் போய்வந்தான். அவன்மேல் குற்றமில்லை. நான் திரும்பி வந்து கேட்டபோது, போகவேண்டிய பையன், 'பரவாயில்லை ஐயா, அவனும் நல்லாத்தான் ஆடுவான்' என்றான். அவன் சண்டை போட்டிருந்தால்கூட எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும். அவன் தந்தை அன்று மாலை பால்வாளியைக் கழுவிக்கொண்டே என்னிடம் ஒன்று கேட்டார். 'ஐயா, என் பெயரில் ஓர் எழுத்தைப் போட்டிருக்கக் கூடாதா?' அதற்கு இன்றுவரை என்னிடம் பதில் இல்லை. அன்று தொடங்கி, என் பதிவேட்டில் எந்தப் பிள்ளையின் பெயரும் தந்தையின் முழுப்பெயர் இல்லாமல் ஏறியதில்லை.

ஆர். ஆறுமுகத்தைப் பற்றி இன்னும் சில சொற்கள் சொல்லவேண்டும். 1953இல் பிறந்த அவர் சிலாங்கூருக்கும் நாட்டுக்கும் கோல் காத்தார். நீண்ட கைகளை வீசிப் பந்தைப் பிடித்ததால் 'ஸ்பைடர்மேன்' என்ற பட்டம் பெற்றார். 1980இல் கோலாலம்பூரில் தென் கொரியாவை 2-1 என்று வென்று மாஸ்கோ ஒலிம்பிக்குத் தகுதிபெற்ற குழுவின் கோல் காவலர் அவர். ஆப்கானிஸ்தானில் சோவியத் படை நுழைந்ததைக் கண்டித்து மலேசியா அந்த ஒலிம்பிக்கைப் புறக்கணித்தது. உழைத்துப் பெற்ற வாய்ப்பு கைக்கு வந்தும் பயன்படவில்லை. 1988 டிசம்பர் 18ஆம் நாள் சாலை விபத்தில் அவர் மறைந்தபோது வயது 35. எனக்கு அப்போது எட்டு வயதிருக்கும். வானொலியில் செய்தி வந்தது. அன்றிரவு எங்கள் லயத்தில் யாரும் சத்தமாகப் பேசவில்லை. 2016இல் அந்தக் குழுவின் நினைவை ஒட்டி 'ஓலா போலா' என்ற திரைப்படம் வந்தது. அதில் வரும் தமிழ்க் கோல் காவலருக்கு முத்துக்குமார் என்று பெயர் வைத்திருந்தார்கள். படம் கற்பனை கலந்தது; பெயரை மாற்றியதில் தவறில்லை. ஆனால் படத்தைப் பார்த்த என் மாணவன் ஒருவன், 'முத்துக்குமார் எந்தத் தோட்டம் ஐயா?' என்று என்னைக் கேட்டான். உண்மைப் பெயரை நாம் சொல்லிக் கொடுக்காவிட்டால், கற்பனைப் பெயரே வரலாறாகிவிடும் என்று அப்போது உணர்ந்தேன்.

தேசியக் குழுவில் ஆடியவர்களுக்காவது செய்தித்தாள் சாட்சி இருக்கிறது. நம் தோட்டத் திடல்களில் ஆடியவர்களுக்கு என்ன சாட்சி? ஜெலாப்பாங் பக்கம் பால்மரம் நின்ற நிலங்களில் இன்று வீடமைப்புப் பகுதிகளும் கடைகளும் நிற்கின்றன, நெடுஞ்சாலை ஓடுகிறது. பிரட்டுக்களம் போயிற்று. செக்ரோல் கரையானுக்குப் போயிற்று. மாலை வேளையில் வேலை முடிந்து, இடுப்பு வலியையும் மறந்து பந்து உதைத்தவர்களின் பெயர்கள் பெரியவர்களின் நினைவில் மட்டுமே இருக்கின்றன. அந்த நினைவும் நாளுக்கு நாள் குறைந்து வருகிறது.

ஆகவே, இந்தப் பேச்சைக் கேட்கும் பெற்றோருக்கும் பிள்ளைகளுக்கும் ஒரு சிறு வேலை தருகிறேன். உங்கள் வீட்டில் பழைய குழுப் படம் ஒன்று இருக்கலாம். சட்டையில் எண் இருக்காது. பலர் காலில் காலணியும் இருக்காது. அதைத் தாத்தாவிடமோ பாட்டியிடமோ கொண்டுபோய்க் காட்டுங்கள். இடமிருந்து வலமாக ஒவ்வொருவரும் யார் என்று கேளுங்கள். 'சின்ன முனியாண்டி' என்று சொன்னால் அதையும் எழுதுங்கள். அவர் தந்தையின் பெயரையும் கேட்டு எழுதுங்கள். தோட்டத்தின் பெயரையும் ஆண்டையும் படத்தின் பின்புறத்தில் பென்சிலால் குறித்து வையுங்கள். பெண்பிள்ளைகளும் இதைச் செய்யலாம். உங்கள் பெயருக்கு முன்னால் நிற்பதும் அதே அப்பாவின் எழுத்துதானே! அம்மாவின் பெயரையும் பக்கத்தில் சேர்த்து எழுதினால் இன்னும் நல்லது. விடியலில் எழுந்து அனைவருக்கும் சோறு கட்டியவர் அவர்.

நாளைக்கு உங்கள் பிள்ளை ஒருவன் பேராக் குழுவிலோ தேசியக் குழுவிலோ ஆடலாம். அவன் பெயரில் ஏற்கெனவே இருவர் ஆடியிருக்கலாம். அதனால் அவன் பெயர் கலந்துபோகாது. அவனுக்கு முன்னால் நிற்க ஓர் எழுத்து இருக்கிறது. அந்த எழுத்துக்குள் மரம் சீவிய ஒரு மனிதர் இருக்கிறார்.